ஆவணி பிறக்கட்டும் என்று கட்டாமல் விட்ட பணம்

என் வீட்டுக்காரருக்கு இடது கால் முழங்காலுக்குக் கீழே கிடையாது. லாரி ஓட்டப் போய் இழந்தது. புது முதலாளியிடம் சேர்ந்து எடுத்த முதல் லோடு அது. சேர்ந்த மாதம் ஆடி. "நாள் செய்வது நல்லோர் செய்யார்னு தலபாடா அடிச்சிக்கினேன், கேட்டானா?" என்று மாமியார் ஆஸ்பத்திரி வராந்தாவிலேயே ஆரம்பித்துவிட்டார். இன்றுவரை நிறுத்தவில்லை.

நஷ்டஈட்டுப் பணம் வந்ததும் அதை என்ன செய்வது என்று ஆளாளுக்கு யோசனை சொன்னார்கள். எங்களுக்கு ஒரே யோசனைதான். பஸ் ஸ்டாண்டில் எங்கள் ஊர் நகராட்சி கடைகளை ஏலம் விடப் போகிறது. ஒரு கடை பிடித்தால் அவர் உட்கார்ந்தே பிழைக்கலாம். ஏலத்தில் கலந்துகொள்ளவே பெரிய தொகை டிபாசிட்டாகக் கட்ட வேண்டும். கால் போனதற்கு வந்த பணத்தில் பாதிக்கு மேல் அதற்கே போனது. ஆனி முடிவதற்குள் கட்டிவிட்டோம், மாமியார் சொன்ன நாளில்.

ஏலம் ஆடியில் நடந்தது. வாயால் கேட்பதுதானே, கையெழுத்து இல்லையே என்று அதற்கு மட்டும் மாமியார் உத்தரவு கொடுத்தார். கடை எங்களுக்கே விழுந்தது. மீதியைப் பதினைந்து நாளுக்குள் கட்டி ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டும், தவறினால் டிபாசிட் திரும்பாது என்று எழுத்திலேயே கொடுத்தார்கள்.

மீதிப் பணம் பேங்கில் தயாராக இருந்தது. சட்டியில் இருந்தால் அகப்பையில் வரும் என்பார்கள். எங்களுக்குச் சட்டியில் இருந்தது, அகப்பையைப் போடத்தான் நாள் பார்த்தோம்.

ஆந்திர எல்லையில் எங்கள் பக்கத்தில் தெலுங்குக்காரர்களுக்கும் ஆடி மாதிரியே ஆகாத மாதம் ஒன்று உண்டு, ஆஷாடம். ஆனால் அது எங்களுக்கு முன்னால் முடிந்துவிடும். நகராட்சி கிளார்க் என்னைக் காய்கறிக் கடையில் பார்த்து, "சிராவணம் வச்சேசிந்தி கதம்மா, எப்புடு கடதாரு?" என்று கேட்டார். அவர் கணக்கில் நல்ல மாதம் பிறந்துவிட்டது, இன்னும் ஏன் கட்டவில்லை என்கிறார். எங்களுக்கு ஆடி பாதிகூடத் தாண்டவில்லை. வீட்டுக்கு ஓடி வந்து சொன்னேன்.

"அவுங்க மாசம் அவுங்களுக்கு," என்றார் மாமியார். "ஒரு ஆடி ஒரு காலத் துன்னுச்சு. இன்னொரு காலும் வோணுமா?"

என் வீட்டுக்காரர் அம்மாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "நாலு நாள் லேட்டானா இன்னா பண்ணிடுவாங்க? ஆவணி பொறக்கட்டும்," என்றார்.

ஆவணி பிறந்தது. மஞ்சள் தடவிய கவரில் செக்கை வைத்துக்கொண்டு போனோம். கெடு முடிந்த மறுநாளே டிபாசிட்டைப் பறிமுதல் செய்து, மறு ஏலத்துக்கு நோட்டீசும் ஒட்டியிருந்தார்கள். அந்தக் கிளார்க் எங்கள் முகத்தைப் பார்க்காமல் பேசினார்.

மறு ஏலத்தில் கடை எங்களைவிட அதிக விலைக்குப் போனது. நகராட்சிக்கு ஒரு காசு நஷ்டமில்லை, பிறகு எங்கள் பணத்தை ஏன் பிடுங்க வேண்டும் என்று வக்கீல் கேஸ் போட்டார். நியாயம்தானே? நான் நம்பினேன். கேஸ் வருடக்கணக்கில் இழுத்தது. வாய்தாவுக்குப் போகும்போதெல்லாம் அந்தக் கடை வாசலில்தான் பஸ்ஸுக்கு நிற்போம். வியாபாரம் அமோகம்.

கெடு தவறியதற்குக் காரணம் கேட்டால் உடம்பு சரியில்லை என்று வக்கீல் என் வீட்டுக்காரரிடம் சொல்லச் சொல்லியிருந்தார். கூண்டில் ஏறியதும் இவருக்குப் பொய் வரவில்லை.

"பணம் இருந்ததா?" என்றார் நீதிபதி.

"இருந்துச்சு சார்."

"பின்னே ஏன் கட்டவில்லை?"

"ஆடி மாசம் சார்."

கோர்ட்டே சிரித்தது. ஊன்றுகோலைப் பிடித்துக்கொண்டு இவரும் சேர்ந்து சிரித்தார். அந்தச் சிரிப்பை என்னால் பார்க்க முடியவில்லை. எல்லோர் மேலும் எனக்கு ஆத்திரம் வந்தது, அவர் மேலும்.

தள்ளுபடி ஆனது. நிபந்தனை தெரிந்தேதான் கலந்துகொண்டீர்கள் என்று தீர்ப்பு. சித்தூரில் அப்பீல் போடலாம் என்றார் வக்கீல். ஆனால் அதற்கும் கெடு உண்டு. வேறு கேஸ்களில் அலைந்தவர் கடைசி நாளுக்கு முந்தின ராத்திரிதான் போன் செய்தார். விடிந்ததும் வந்து கையெழுத்துப் போட்டே ஆக வேண்டும்.

காலையில் என் வீட்டுக்காரர் சட்டை மாட்டிக்கொண்டே, "நாள் எப்டி கீதுன்னு பாரேன்," என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கிழித்து அடுப்பில் போடுகிறேன் பார் என்றுதான் காலண்டரைக் கழற்றினேன். ஆனால் கண் அதுவாகவே தேதிக்குக் கீழே போனது. கரிநாள் என்று போட்டிருந்தது.

"நல்ல நாள்தான், கெளம்பு," என்றேன்.

பஸ் கார்வேட்டிநகரம் தாண்டுவதற்குள் அவர் என் தோளில் சாய்ந்து நிம்மதியாகத் தூங்கிவிட்டார். சித்தூர் வரைக்கும் அவருடைய மிச்சமிருந்த காலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.