வேல்ஸ் மன்னனும் எண்பத்தெட்டுக் கிலோ ராஜாவும்

நான் வேல்ஸ் நாட்டு மன்னன் ஆனது ஒரு செவ்வாய்க்கிழமை காலை, ஆய்வகத்துக் காபி மெஷினுக்குப் பக்கத்தில்.

ஜெர்மனியிலுள்ள எர்லாங்கனுக்கு ஆராய்ச்சி செய்ய வந்து எனக்கு அது இரண்டாவது வருஷம். பகலெல்லாம் மின்கலத்துக்கான பொடிகளை அரைப்பதும் சுடுவதும்தான் வேலை. எங்களுக்கு வேண்டிய அச்சு, கிண்ணம் எல்லாவற்றையும் செய்து தருபவர் கீழ்த்தளப் பட்டறையின் பொறுப்பாளர். ஐம்பது வயது ஜெர்மானியர். லேசில் சிரிக்க மாட்டார். வாரநாட்களில் இரும்பைக் கடைவார், வார இறுதியில் அதே இரும்பில் சங்கிலிக் கவசம் பின்னுவார். பழங்கால வாழ்க்கையை அப்படியே நடித்துக் காட்டும் ஒரு குழுவுக்கு அவர்தான் தலைவர் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் யாரும் அதைப் பற்றி அவரிடம் கேட்பதில்லை. கேட்டால் ஒரு மணி நேரம் போய்விடும்.

நான் கேட்டுவிட்டேன்.

"இந்த வருஷம் வேல்ஸ்" என்றார். வெள்ளைப் பலகையில் இருந்த என் சமன்பாடுகளை அழித்துவிட்டு ஒரு வரைபடம் போட்டார். கிழக்கே இங்கிலாந்து, மேற்கே மலைகள். மலைகளுக்குள் சின்னச் சின்ன அரசர்கள். அப்பா இறந்தால் நிலத்தை எல்லா மகன்களுக்கும் பங்கு பிரிப்பது அங்கே வழக்கமாம். ஆகவே ஒவ்வொரு தலைமுறையும் அண்ணன் தம்பி சண்டையில்தான் ஆரம்பிக்கும். எல்லைக்கு அந்தப் பக்கம் இங்கிலாந்துப் பிரபுக்கள் கோட்டை கட்டிக்கொண்டு இதற்காகவே காத்திருப்பார்கள். ஒரு தம்பி அவர்களிடம் உதவி கேட்டு ஓடுவான். உதவி செய்தவர்கள் போகும்போது ஒரு பள்ளத்தாக்கை எடுத்துக்கொண்டு போவார்கள்.

எனக்கு இது புதிதாகவே இல்லை. பாண்டிய நாட்டு அண்ணன் தம்பிகள் சிம்மாசனத்துக்கு அடித்துக்கொண்டு வெளியூர்ப் படையைக் கூட்டிவந்ததைப் பள்ளிக்கூடத்தில் படித்தவள்தானே நான்.

"ஒரே ஒருவன் மட்டும் மொத்த வேல்ஸையும் ஒரு குடைக்கீழ் கொண்டுவந்தான்" என்றார் தலைவர். சொந்தக்காரர்களையும் அக்கம்பக்கத்து அரசர்களையும் வென்று, எல்லை தாண்டிப் போய் ஒரு இங்கிலாந்து ஊரையே எரித்தவன். கடைசியில் இங்கிலாந்து ராஜா சமாதானம் பேச வந்தார். நடுவே செவர்ன் ஆறு. ராஜா ஒரு கரை, இவன் மறு கரை. யார் ஆற்றைத் தாண்டி வருவது? தாண்டுகிறவன் தாழ்ந்தவன் ஆகிவிடுவானே! கல்யாணத்தில் சம்பந்தி வீட்டார் இரண்டு பேரும் 'அவங்க முதல்ல வந்து கூப்பிடட்டும்' என்று உட்கார்ந்திருப்பது போல இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். பிறகு வயதில் மூத்த ராஜா சட்டென்று ஒரு படகில் ஏறி வந்துவிட்டார். அதைப் பார்த்ததும் வேல்ஸ்காரனுக்கு வெட்கமாகிவிட்டது. மேலங்கியைக் கழற்றி எறிந்துவிட்டு, மார்பளவு தண்ணீரில் இறங்கி, ராஜாவைத் தோளில் சுமந்து கரைக்குக் கொண்டுவந்து தன் அங்கியின் மேல் உட்கார வைத்தானாம்.

"உண்மையா நடந்ததா?"

"ரொம்ப நாள் கழித்து ஒரு பாதிரியார் எழுதியது. கதையாகத்தான் இருக்கும். கதை பொய்யாக இருக்கலாம். உடை பொய்யாக இருக்கக்கூடாது" என்றவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "இந்த வருஷ விழாவில் இந்தக் காட்சியைத்தான் நடிக்கிறோம். எங்கள் குழுவில் ஆற்றுத் தண்ணீரில் இறங்க ஒருவரும் சம்மதிக்கவில்லை. உனக்குக் குளிர் பழகிவிட்டதா?"

இப்படித்தான் மன்னனானேன்.

அடுத்த சனிக்கிழமை ஒத்திகைக்குப் போனால், புல்வெளியில் பெரிய இரும்புப் பானையில் பருப்பு கொதித்துக்கொண்டிருந்தது. வாசனையே வேறு மாதிரி இருந்தது. பானைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல்.

"நீங்கள் தமிழோ?"

முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் யாழ்ப்பாணத்து அக்கா அவர். கூட வேலை செய்யும் ஜெர்மன் தோழி கூப்பிட்டு இந்தக் குழுவுக்கு வந்தவர். தையல் பிடித்துப் போய் அங்கேயே தங்கிவிட்டார். குழுவின் அங்கிகளில் பாதி அவர் கையால் தைத்தவை. சமையலும் அவரே. தக்காளி கூடாது, மிளகாய் கூடாது, உருளைக்கிழங்கு கூடாது, அந்தக் காலத்து ஐரோப்பாவில் அவை இல்லை என்பது தலைவரின் சட்டம்.

"மிளகாய் இல்லாட்டி என்ன, மிளகு இருக்கெல்லோ" என்று கண்ணடித்தார் அக்கா. "மிளகு அந்தக் காலத்திலயும் இருந்ததாம். ராசாக்கள் தின்னிறதாம். நான் புத்தகத்தைக் காட்டி, கந்தோருக்கு விண்ணப்பம் போட்ட மாதிரிக் கேட்டு வாங்கினனான்."

ராஜா வேஷம் போட வேண்டியவர் ஒரு ஆஜானுபாகுவான ஜெர்மன்காரர். அன்று காலை அவர் காரிலிருந்து கூடாரத்துணியைத் தூக்கும்போது இடுப்பு பிடித்துக்கொண்டது. மருத்துவர் ஆறு வாரம் அசையக் கூடாது என்றுவிட்டார். விழாவுக்கு இருந்ததோ நான்கு வாரம். ராஜாவின் அகலமான சிவப்பு அங்கியை எல்லோரும் மாட்டிப் பார்த்தார்கள். எல்லோருக்கும் தொளதொளவென்று தொங்கியது. கடைசியில் அதைத் தைத்த அக்காவையே போடச் சொன்னார் தலைவர். அளவெடுத்தது போல இருந்தது. செம்மறி ரோமத் தாடியையும் ஒட்டியதும் சாட்சாத் ராஜாதான். எனக்கும் ஒரு தாடி ஒட்டினார்கள்.

அக்காவுக்கு மகிழ்ச்சி. ஆனால் என்னைப் பார்த்ததும் முகம் சுருங்கிவிட்டது.

"இந்தப் பிள்ளையோ என்னைத் தூக்கிறது? ஏலாது. நான் எண்பத்தெட்டுக் கிலோ."

"நாலு ஸ்டெப்தான் அக்கா. ட்ரை பண்ணலாம்."

முதல் முயற்சியில் எழுந்திருக்கவே முடியவில்லை. இரண்டாவதில் எழுந்தேன், உடனே இருவரும் புல்லில் உருண்டோம். நாய்களோடு நடக்க வந்தவர்கள் நின்று வேடிக்கை பார்த்தார்கள். தாடி வைத்த இரண்டு தமிழ்ப் பெண்கள் புல்லில் விழுந்து கிடந்தால் யார்தான் பார்க்க மாட்டார்கள்?

"இடுப்பால தூக்கக் கூடாது, முழங்காலால தூக்கவேணும்" என்றார் அக்கா. "நான் ஒரு நாளைக்குப் பதினைஞ்சு பேரைத் தூக்கிறனான். கட்டில்ல இருந்து கதிரைக்கு, கதிரையில இருந்து கட்டிலுக்கு."

பிறகு புல்லைத் தட்டிவிட்டுக்கொண்டே, யாருக்கோ சொல்வது போலச் சொன்னார். "என்னை ஒருத்தரும் தூக்கினதில்லை. கலியாணத்துக்குப் பிறகு அவர் ஒருக்கா முயற்சி செய்தவர். என்னட்டை நல்ல பேச்சு வாங்கினவர்."

அதற்குப் பிறகு எனக்கு இது வெறும் நடிப்பாக இருக்கவில்லை. எப்படியாவது தூக்கிவிட வேண்டும் என்று பிடிவாதம் வந்துவிட்டது. வாரத்துக்கு மூன்று நாள், வேலை முடிந்ததும் சைக்கிளில் அந்தப் புல்வெளிக்கு வந்துவிடுவேன். வீட்டில் பத்துக் கிலோ அரிசி மூட்டையைத் தோளில் வைத்துக்கொண்டு உட்கார்ந்து எழுந்தேன். மூன்றாவது வாரம் அக்காவைச் சுமந்து ஐந்து அடி நடந்தேன். அக்கா மேலேயிருந்து, "அட கடவுளே, அங்கால ஆத்துப்பாலம் எல்லாம் தெரியுது!" என்று கத்தினார்.

ஒருநாள் ஓய்வாக உட்கார்ந்திருந்தபோது, இந்த வேல்ஸ் மன்னன் கடைசியில் என்ன ஆனான் என்று ஃபோனில் தேடினேன். அவனுடைய ஆட்களே அவனைக் கொன்று, தலையை வெட்டி, இங்கிலாந்துப் பக்கம் அனுப்பிவிட்டார்களாம். அக்காவிடம் படித்துக் காட்டினேன்.

"அப்ப உம்மட தலை எனக்குப் பார்சலில வருமோ?" என்றார் அக்கா. இருவரும் சிரித்த சிரிப்பில் எனக்குத் தாடி கழன்றுவிட்டது.

விழா ஒரு மலைக்கோட்டைக்குக் கீழே, சின்ன ஆற்றங்கரையில். சனி ஒரு காட்சி, ஞாயிறு ஒரு காட்சி. ஆற்றுக்குள் இறங்க அனுமதி வாங்கத் தலைவர் அதிகாரிகளிடம் நாலைந்து முறை நேரம் வாங்கி அலைந்திருந்தார். படகும் ஒரு கயிறும் நீண்ட கொக்கியும் கொண்டு தன்னார்வத் தீயணைப்பு வீரர் ஒருவர் கரையில் நின்றார். ஆழமில்லாத பாதையைக் காட்ட, தண்ணீருக்குள் இரண்டு வரிசையாக வில்லோ மரக் குச்சிகளை நட்டிருந்தார்கள். நான் குச்சிகளுக்கு நடுவே நடந்தால் இடுப்பைத் தாண்டித் தண்ணீர் வராது.

காட்சி தொடங்கப் பத்து நிமிஷம் இருக்கும்போது தலைவர் என் முகத்தைப் பார்த்தார்.

"கண்ணாடி."

"சார், இது இல்லாம எனக்கு ஒண்ணும் தெரியாது" என்று தமிழில் சொல்லி, பிறகு ஜெர்மனில் சொன்னேன்.

"அந்தக் காலத்தில் மூக்குக் கண்ணாடி கிடையாது" என்று கையை நீட்டினார். கழற்றிக் கொடுத்தேன்.

அக்கரையில் எக்காளம் ஊதியது. சிவப்பாக ஒரு பெரிய மங்கல் படகில் ஏறியது. அதுதான் அக்கா. நான் வசனத்தைச் சொல்லிவிட்டு மேலங்கியை எறிந்தேன். கூட்டம் கைதட்டியது. தண்ணீரில் இறங்கினேன். குளிர் முழங்காலைக் கடித்தது. குச்சிகள் எங்கே? எனக்குத் தெரிந்ததெல்லாம் பச்சையும் பழுப்பும் பளபளப்பும்தான். சிவப்பு மங்கலை நோக்கி நேராக நடந்தேன்.

ஆறாவது அடியில் கீழே தரை இல்லை.

எனக்கு நீச்சல் தெரியாது. கழுத்துவரை போய், வாயில் தண்ணீர் புகுந்து, நனைந்த கம்பளி உள்ளங்கி என்னைக் கீழே இழுத்தது. 'அக்கா' என்று கத்தினேனா, நினைத்தேனா என்று இன்றுவரை தெரியவில்லை. தொப்பென்று ஒரு சத்தம். இங்கிலாந்து ராஜா ஆற்றில் குதித்துவிட்டார்.

"கையைப் பிடிக்காதையும், கழுத்தைப் பிடியும்! அப்பிடித்தான். மூச்சை விடும்."

என்னை ஆழமில்லாத பக்கம் இழுத்தார். ஒரு கை என் முதுகுக்குப் பின்னால், ஒரு கை முழங்காலுக்குக் கீழே. பூனைக்குட்டியைத் தூக்குவது போல என்னைத் தூக்கினார். ஆற்று மண்ணில் அசையாமல் நடந்து கரையேறினார். தன் சிவப்பு அங்கியைக் கழற்றி விரித்து என்னை அதில் உட்கார வைத்தார். நான் இருமிக்கொண்டிருந்தேன். என் தாடி ஆற்றோடு போய்க்கொண்டிருந்தது. தீயணைப்பு வீரர் அதைக் கொக்கியால் எடுத்து, ஏதோ செத்த பிராணி என்று நினைத்து மறுபடி தண்ணீரில் போட்டார்.

அக்கா நிமிர்ந்து நின்றார். முகத்தில் தண்ணீர் வழிய, நான் சொல்ல வேண்டிய வசனத்தை அவரே ஜெர்மனில் கணீரென்று சொன்னார்: "உன் பணிவு என் செருக்கை வென்றது!"

அப்படியொரு கைதட்டலை நான் அதற்கு முன் கேட்டதில்லை. நடந்ததுதான் கதை என்று எல்லோரும் நினைத்துக்கொண்டார்கள். தலைவர் மட்டும் கூடாரத்துக்குப் பின்னால் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். அக்கா நனைந்தபடியே நேரே அவரிடம் போனார். நல்ல ஜெர்மனில், சத்தம் போடாமல், பார்வை குறைந்த ஒருவரிடமிருந்து கண்ணாடியைப் பிடுங்குவது தன் இல்லத்தில் எப்பேர்ப்பட்ட குற்றம் என்று ஐந்து நிமிஷம் விளக்கினார். எனக்கே பாவமாக இருந்தது.

தலைவர் எழுந்து என்னிடம் வந்தார். கண்ணாடியைத் துடைத்து என் கையில் வைத்தார். "மன்னித்துக்கொள். நாளைக்குப் போட்டுக்கொள்" என்றார். கொஞ்சம் யோசித்து, "தொப்பியை முன்னால் இழுத்துவிட்டால் தூரத்திலிருந்து தெரியாது" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஒவ்வொரு குச்சியும், அதில் உட்கார்ந்த தும்பிகூடத் தெரிந்தது. படகு வந்தது. அக்கா என் தோளில் ஏறும்போது காதில், "ஏலாட்டி இறக்கிவிடும், நான் நடந்து வாறன்" என்றார். முழங்காலால் எழுந்தேன். நான்கு அடி போதும் என்றிருந்தார்கள். நான் ஒன்பது அடி நடந்தேன். கரையில் இறக்கி அங்கியில் உட்கார வைத்தபோது ராஜாவின் கண் கலங்கியிருந்தது. மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "தண்ணி தெறிச்சிட்டுது" என்றார். மேலே கோட்டைச் சுவரில் இருந்தவர்கள்கூடக் கைதட்டினார்கள். தலைவர் சிரித்தார். நான்கு பல் தெரிந்தது.

எல்லாம் முடிந்து நாங்கள் பருப்பும் ரொட்டியும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது ஒரு பெண் தயங்கித் தயங்கி வந்தாள். வேல்ஸ்காரி, கார்ல்ஸ்ரூஹேயில் வேலை பார்க்கிறாளாம். இரண்டு நாளும் வந்திருக்கிறாள்.

"எனக்குச் சனிக்கிழமைக் கதைதான் பிடித்தது. எங்கள் ஆளை இங்கிலாந்துக்காரன் சுமக்க வேண்டியதுதான்" என்றாள் ஜெர்மனில்.

அக்கா அவளுக்கும் ஒரு கிண்ணம் பருப்பு ஊற்றினார். அந்த எல்லை இப்போது எப்படி இருக்கிறது என்று கேட்டேன். ஒரு அறிவிப்புப் பலகை இருக்கிறது, அவ்வளவுதான் என்றாள். அவள் அம்மா வீடு வேல்ஸில், அம்மா பால் வாங்கும் கடை இங்கிலாந்தில். நாய்க்குத் தினமும் இரண்டு நாடு நடை.

"உங்கட பாஷையில 'ஓம்' எண்டுறதுக்கு என்ன சொல்லுவியள் எண்டு கேளும்" என்றார் அக்கா என்னிடம். அவரே கேட்டிருக்கலாம், அவர் ஜெர்மன் என்னுடையதைவிட நன்றாக இருக்கும். ஆனால் வாய் நிறைய ரொட்டி.

கேட்டேன். அவள் சிரித்துவிட்டாள். அவர்கள் மொழியில் 'ஆமாம்' என்பதற்குத் தனியாக ஒரு சொல் கிடையாதாம். கேள்விக்குத் தகுந்த மாதிரி பதில் மாறுமாம். 'இருக்கிறதா' என்றால் 'இருக்கிறது' என்பார்களாம், 'வருவாயா' என்றால் 'வருவேன்'.

"நாங்களும் அப்பிடித்தானே சொல்லுறனாங்கள். பிறகென்ன, எங்கட ஆக்கள்தான்" என்று சொல்லிவிட்டு, அக்கா அகப்பையை எடுத்து அவளிடம் தமிழிலேயே கேட்டார்.

"இன்னும் கொஞ்சம் போடவோ?"

அவள் கிண்ணத்தை நீட்டினாள்.