யோலான் கல்யாணத்துக்கு வந்த மொழி

ஹங்கேரியில் செகெட் ரயில் நிலையத்தில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்த யோலானை ஊரில் தெரியாதவர்கள் கிடையாது. குரல் அப்படி. ஜன்னலுக்கு உள்ளே இருந்து அவள் "அடுத்த ஆள்!" என்றால் பிளாட்பாரத்தில் தூங்குகிறவன்கூட எழுந்து வரிசையில் நிற்பான். சட்டைக் காலரில் எப்போதும் ஒரு பச்சை நட்சத்திரம் குத்தியிருப்பாள்.

"இது எந்தக் கட்சிம்மா?" என்று வெளியூர்க்காரர்கள் தயங்கித் தயங்கிக் கேட்பார்கள். கட்சி என்றாலே குரலைத் தாழ்த்திக்கொண்ட காலம் அது.

"கட்சி இல்லீங்க, மொழி. எஸ்பெராந்தோ. போலந்துல ஒரு கண் டாக்டர் உக்காந்து உண்டாக்குனாரு. உலகத்துல எல்லாரும் சண்டை போடாம பேசிக்கணும்னு."

"பேசிக்கிறாங்களா?"

"வியாழக்கிழமை சாயங்காலம் ரயில்வே மன்றத்துக்கு வந்து பாருங்க. சண்டை போட்டுக்கிட்டே பேசுறோம்."

அதில் பொய்யில்லை. வியாழக்கிழமைக் கூட்டத்தில் நடப்பது இரண்டே வேலை. கசகசா வைத்துச் சுட்ட ரொட்டியைத் தின்பது, ஒருவர் பேசுவதை இன்னொருவர் திருத்துவது. வாசற்படி தாண்டிய பிறகு ஹங்கேரிய மொழியில் யாராவது வாயைத் திறந்துவிட்டால் போதும், "முதலை! முதலை!" என்று கூச்சல் போட்டு, மரத்தில் செய்த முதலை ஒன்றைக் கழுத்தில் மாட்டிவிடுவார்கள். தாய்மொழியில் நழுவுகிறவனுக்கு அந்தக் கூட்டம் வைத்த பெயர் முதலை. அடுத்த ஆள் அகப்படும்வரை கழற்ற முடியாது.

கூட்டத்துக்கு மூத்தவர் பெர்டலான் தாத்தா. சிறு வயதில் அவருடைய அப்பா பிரம்பும் கையுமாக நின்று வோலாபுக் சொல்லிக்கொடுத்தார். ஒரு பாதிரியார், கடவுளே உத்தரவு கொடுத்தார் என்று சொல்லிப் படைத்த மொழி அது. ஐரோப்பா முழுக்க ஆடி அடங்கிப் படுத்துவிட்டது. பிறகு தாத்தா எஸ்பெராந்தோவுக்கு வந்தார். நடுவில் அதைச் சீர்திருத்துகிறோம் என்று கிளம்பிய கும்பலோடு சேர்ந்து இடோ என்ற மொழிக்கு ஓடினார். அங்கே சீர்திருத்தத்துக்கே சீர்திருத்தம் கேட்டு அடித்துக்கொண்டதைப் பார்த்து, வந்த வழியே திரும்பினார்.

"மூணு மொழி படிச்சேன். ஒண்ணுலகூட என் பொண்டாட்டி நான் சொன்னதைக் கேக்கல" என்பார்.

யோலானுக்கு முப்பத்தெட்டு வயது. "அந்த வாய்க்கு எவன் வருவான்?" என்று ஊர் அவள் காதுபடவே பேசியது. வந்தான். ரயில்வேக்காரர்களின் எஸ்பெராந்தோ மாநாட்டுக்குப் பல்கேரியா போன இடத்தில் தோப்ரியைச் சந்தித்தாள். ரூசே நகரத்து சிக்னல்காரன். கழுத்தில்லாத தடித்த உடம்பு, குழந்தைச் சிரிப்பு. அவனுக்கு ஹங்கேரிய மொழி தெரியாது. அவளுக்குப் பல்கேரிய மொழி தெரியாது. ஆனாலும் மாநாடு முடிவதற்குள் இருவரும் சொந்தக்காரர்களையெல்லாம் ஒருவர் பாக்கியில்லாமல் கேலி பேசி முடித்திருந்தார்கள்.

கல்யாணத்துக்கு இரண்டு அரசாங்கமும் அனுமதி கொடுப்பதற்குள் யோலானுக்கு நரை தட்டிவிட்டது. கடைசியில் ஒரு சனிக்கிழமை, நகரசபைக் கல்யாண அறையில் வியாழக்கிழமைக் கூட்டம் முழுக்கக் கூடியது. பதிவாளர் பிரோஷ்கா அம்மாள் தோளின் குறுக்கே மூவர்ணப் பட்டை போட்டு நிமிர்ந்து நின்றார். தோப்ரி அன்று மாலை ரயிலில் திரும்பியாக வேண்டும். இன்று கல்யாணம் ஆகாவிட்டால் மறுபடி முதலிலிருந்து அலைய வேண்டும். இன்னொரு தடவை அனுமதி கிடைக்கும் என்று யாராலும் சொல்ல முடியாது.

வம்பு எங்கிருந்து வந்தது என்றால், மாப்பிள்ளை வெளிநாட்டுக்காரன், அதனால் மொழிபெயர்ப்பாளர் இருக்க வேண்டும் என்பது சட்டம். ஊரில் காய்கறித் தோட்டம் போட்டிருந்த ஒரே பல்கேரியர் வருவதாக வாக்குக் கொடுத்திருந்தார். அவர் அன்றைக்குப் பார்த்துக் கழுத்து பிடித்துக்கொண்டு படுத்துவிட்டார்.

"அதனால என்னங்க தோழர்? எஸ்பெராந்தோல நான் சொல்றேன்" என்று பெர்டலான் தாத்தா முன்னால் வந்தார்.

"அது எந்த நாட்டு மொழி?"

"எந்த நாட்டுதும் இல்லீங்க."

"நாடே இல்லாத மொழியை நான் எப்படி ஏத்துக்கறது? நீங்களா என்னமோ உளறுவீங்க, அவர் தலையை ஆட்டுவாரு. நாளைக்கு அவரு 'எனக்கு ஒண்ணுமே புரியல, ஏமாத்திக் கட்டி வெச்சுட்டாங்க'ன்னா நானா போய் ஜெயில்ல உக்காருவேன்?"

யோலான் திரும்பிச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். தோப்ரி அவள் முகத்தைப் பார்த்தே விஷயத்தைப் புரிந்துகொண்டு அவள் கையைப் பிடித்துக்கொண்டான்.

பிரோஷ்கா அம்மாள் கல்நெஞ்சக்காரி இல்லை. சட்டத்துக்குப் பயந்தவர், அவ்வளவுதான். கொஞ்சம் யோசித்தார். "சரி. முன்கூட்டியே பேசி வெச்சுக்க முடியாத கேள்வி ஒண்ணு கேக்கறேன். இந்தப் பொண்ணை முதல்ல பார்த்தப்போ மனசுல என்ன நினைச்சாருன்னு கேளுங்க."

தாத்தா கேட்டார். தோப்ரி வெட்கத்தோடு ஆரம்பித்தான். பிறகு வேகம் பிடித்தது. கையை வீசினான், தலையிலிருந்து தொப்பி பறந்ததைக் காட்டினான், முழங்கையைத் துடைத்துக் காட்டினான். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. யோலான் சிவந்துபோனாள்.

தாத்தா தொண்டையைச் செருமினார். "நல்ல குணமுள்ள தோழின்னு நினைச்சாராம்."

அவ்வளவுதான், அறை கொதித்தது. ரொட்டிக் கடை கிஸெல்லா நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தாள். "அவ்ளோ நேரம் பேசினாரு, இம்மாத்தூண்டு சொல்றீங்க! தர்பூசணி எங்கே போச்சு?"

"அரசாங்க ஆபீஸ்ல தர்பூசணி எதுக்குடி?" என்றார் தாத்தா.

"தொப்பியையும் முழுங்கிட்டாரு!" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல்.

"பொண்ணு தொப்பியைத் துரத்திக்கிட்டு ஓடினதைச் சொல்லவே இல்ல!"

"முப்பது வருஷமா இப்படித்தான் சுருக்குறாரு இவரு!"

நியாயமாகப் பார்த்தால் அந்த நேரத்தில் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு பவ்யமாக நிற்க வேண்டும். ஆனால் தப்பாக மொழிபெயர்ப்பதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருக்கும் எஸ்பெராந்தோக்காரன் இன்னும் பிறக்கவில்லை. அதுவும் ஒருவருக்கொருவர் ஹங்கேரிய மொழியில் பேசிப் பழக்கமே இல்லாததால், மொத்தச் சண்டையும் எஸ்பெராந்தோவிலேயே நடந்தது. தோப்ரியும் சேர்ந்துகொண்டு கத்தினான். மணப்பெண்ணும் கத்தினாள். போச்சு, எல்லாம் போச்சு என்று உள்ளுக்குள் அழுதுகொண்டே கத்தினாள்.

பிரோஷ்கா அம்மாள் மேஜையைத் தட்டினார். வாசலோரம் நின்றிருந்த என்ஜின் டிரைவர் ஒருவரை விரலால் கூப்பிட்டார். "நீங்க சொல்லுங்க. என்ன சொன்னாரு?"

"ஆத்தங்கரையில தர்பூசணி தின்னுக்கிட்டு இருந்தாளாம், தோழர். சாறு முழங்கை வரைக்கும் ஒழுகுச்சாம். இவரு தொப்பி காத்துல பறக்கவும், பழத்தைக் கையில வெச்சுக்கிட்டே ஓடிப் புடிச்சுக் குடுத்து, 'தொப்பியை இறுக்கமா வெச்சுக்கக் கூடாதா'ன்னு திட்டினாளாம். இவ திட்டைக் கேட்டுக்கிட்டே வயசாகிடணும்னு நினைச்சாராம்."

பிரோஷ்கா அம்மாள் யோலானை ஏற இறங்கப் பார்த்தார். போன மாதம் டிக்கெட் ஜன்னலில் தானும் அந்த வாயிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது நினைவுக்கு வந்திருக்க வேண்டும். உதட்டோரம் லேசாகத் துடித்தது.

"பேசி வெச்சுக்கிட்டு வந்திருந்தா ஒத்துமையா நின்னிருப்பீங்க. இவ்ளோ அடிச்சுக்கறீங்கன்னா இது மொழியேதான்" என்றார். "எல்லாரும் உக்காருங்க. பெரியவரே, இனிமே ஒரு சொல் விடக் கூடாது."

தோப்ரியிடம் கேள்வி போனது. தாத்தா அதைத் தர்பூசணி விதை அளவுகூட சிந்தாமல் சொன்னார். அவன் சம்மதம் சொன்னான். அடுத்தது அவள் முறை. பதிவாளர் அவளுடைய சொந்த மொழியில், அவள் பிறந்து வளர்ந்த ஹங்கேரிய மொழியில், தெளிவாகக் கேட்டார்.

யோலான் பதிவாளரைப் பார்க்கவில்லை. தோப்ரியைப் பார்த்தாள். அவனுக்கு நேராகப் புரிய வேண்டும், நடுவில் இன்னொருவர் வாய் வேண்டாம் என்று தோன்றியது. "யெஸ்" என்று எஸ்பெராந்தோவில் சொன்னாள். அந்தக் குரலுக்கு ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது.

"நீங்க ஹங்கேரிக்காரிதானே!" என்றார் பிரோஷ்கா அம்மாள். பெருமூச்சு விட்டுத் தாத்தாவிடம் திரும்பினார். "சரி, இதையும் மொழிபெயருங்க."

"'ஆமா'ன்னு சொல்றாங்க, தோழர்" என்றார் தாத்தா. பிறகு பழக்கதோஷத்தில் கூட்டத்தைத் திரும்பிப் பார்த்தார்.

கிஸெல்லா கைக்குட்டையில் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். என்ஜின் டிரைவர் மேல்கூரையைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டிக்கொண்டிருந்தார். திருத்தம் சொல்ல ஒருவருமே எழுந்திருக்கவில்லை.