சின்னக் குழாயின் மூடி

ராணியக்காவின் வலது கண்ணைக் கெடுத்தவள் நான். கிரகணம் அல்ல... நான்!

உங்களுக்கு என்னைத் தெரியாது. அதனால்தான் உங்களிடம் சொல்ல முடிகிறது. ராபர்ட்சன்பேட்டையில் ஒரு பள்ளியில் ஆயாவாக இருக்கிறேன். பள்ளியின் தொலைநோக்கியைத் துடைப்பதும் எடுத்து நிறுத்துவதும் என் வேலை.

அதன் பெரிய குழாய்மேல், குறிபார்க்க ஒரு சின்னக் குழாய் உண்டு. சூரியனைப் பார்க்கும் நாளில் பெரியதன் வாயில் கறுப்பு வடிகட்டி மாட்டவேண்டும். சின்னதற்கு வடிகட்டி இல்லை; அதை மூடியே வைக்கவேண்டும். தரையில் குழாயின் நிழல் மிகச் சிறிதாகும்வரை திருப்பினால் சூரியன் உள்ளே வந்துவிடும்.

கிரகணத்தன்று காலை பள்ளி மைதானத்தில் ஊர்க்காரர்களின் நீண்ட வரிசை. மேகம் வந்து வந்து நிழலை அழித்தது. எல்லோரும் என்னையே பார்க்கிறார்கள்...

முதலில் நின்றவள் ராணியக்கா. தங்கச் சுரங்கக் குடியிருப்பான கோரமண்டலில் எங்கள் பக்கத்து வீடு. தினமும் ரயிலேறி பெங்களூர் போய், தைத்த துணியில் குறை கண்டுபிடிக்கும் செக்கர் வேலை.

“இன்னாடி, சூரியனப் புடிக்க இம்மாம் நேரமா? எங்கப்பா இந்நேரம் சொரங்கத்துக் கேஜ்ல ஏறி ஷாஃப்ட் அடிக்கே பூட்டிருப்பாரு!”

எல்லோரும் சிரித்தார்கள். வெட்கம் தாங்காமல் சின்னக் குழாயின் மூடியைக் கழற்றினேன். அதன் வழியே விழும் வெளிச்சப் பொட்டை உள்ளங்கையில் பிடித்தால் திசை சட்டென்று கிடைக்கும். கிடைத்தது. மூடி என் கையிலேயே இருந்தது!

“வாங்கக்கா” என்றேன். அவள் குனிந்து கண் வைத்தது சின்னக் குழாயில்.

“அதுல்லக்கா!” என்று கத்த எவ்வளவு நேரம் ஆகும்? இத்தனை பேர் முன்னால் குரல் எழவில்லை...

“யம்மா, இன்னா வெளிச்சம்!” சிரித்தபடி நிமிர்ந்தாள். வலியே இல்லையாம். நான் மெல்ல மூடியைப் போட்டுவிட்டேன்.

மறுநாள் அவள் பார்வையின் நடுவில் கறுப்புப் புள்ளி. உள்ளே வெந்துவிட்டது, ஆறாது என்றார் டாக்டர். சின்னக் குழாய் மூடியிருந்ததா என்று அறிவியல் ஆசிரியர் என்னைக் கேட்டார். “மூடிதான் இருந்தது சார்.” வரிசையில் நின்றபோது வெறுங்கண்ணால் அண்ணாந்து பார்த்திருப்பாள் என்று எல்லோரும் முடிவு செய்தார்கள். செக்கர் வேலை போயிற்று. இப்போது அதே கம்பெனியில் தரை பெருக்குகிறாள்.

போன ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு வந்தாள்.

“நீ கிட்டவே இருந்தியே, நெஜத்தச் சொல்லு. நான் வெறுங்கண்ணால மேல பாத்தேனா? ஊட்டுக்காரரு இன்னும் திட்டறாரு. எனக்கு நெனப்பே இல்லடி.”

உண்மை தொண்டைவரை வந்தது... வந்ததே!

“ஆமாக்கா. பாத்தீங்க.”

முந்தானையால் வலது கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“அப்ப என் தப்புதான்” என்றாள்.

நான் சொன்னதால் நம்பினாள்.