தோற்றவர் பக்கம் திரும்பிய மைக்

எங்கள் பக்கத்தில் யாராவது இறந்துவிட்டால் ஆட்டோவில் ஒலிபெருக்கிக் குழாய் கட்டி, ஊர் ஊராகப் போய் மைக்கில் சொல்வார்கள். நான் பிறந்ததிலிருந்து கேட்ட சாவுச் செய்திகள் எல்லாம் ஒரே குரலில்தான் வந்தன. அன்று மாரண்டஹள்ளியில், எங்கள் பள்ளிக்கூடத்துச் சுவருக்கு வெளியே, கணக்குப் பாடத்தின் நடுவில் ஆட்டோ வந்தபோது குரல் வேறாக இருந்தது. யாரோ புதியவர், தட்டுத் தடுமாறிச் சொன்னார். "மைக்செட் மாதையன் அவர்கள்" என்றார். அப்புறம் கொஞ்ச நேரம் குழாயில் வெறும் இரைச்சல்தான் வந்தது. மீதியை அவர் சொல்வதற்கு முன்பே எனக்குத் தெரிந்துவிட்டது. வேறு யார் இறந்திருந்தாலும் மாமாதானே சொல்லியிருப்பார்.

அவர் என் அம்மாவின் அண்ணன். காலையில் நெஞ்சுவலி என்று சொல்லியிருக்கிறார். தர்மபுரி ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேருவதற்குள் முடிந்துவிட்டது. அம்மா கோடித்துணி எடுத்துக்கொண்டு போய், பொழுது சாய்வதற்குள் திரும்பி வந்தார். அப்பா போகவில்லை. என்னையும் விடவில்லை. ஏன் என்று உங்களில் பலருக்குத் தெரியும். தெரியாதவர்களுக்கு இதிலேயே சொல்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை, வற்றிக் கிடக்கும் எங்கள் ஏரியில் படத்திறப்பு வைத்திருப்பதாகவும், அங்கே வாசிக்க நான் நாலு வரி எழுதித் தர வேண்டும் என்றும் அத்தை என் தோழியிடம் சொல்லி அனுப்பியிருந்தார். வீட்டில் எல்லோரும் படுத்த பிறகு அடுப்படியில் உட்கார்ந்து எழுதுகிறேன். சுவருக்கு அந்தப் பக்கம் அப்பா புரண்டு படுத்தால் பேனா நின்றுவிடுகிறது. எங்காவது வாக்கியம் பாதியில் அறுந்திருந்தால் அது அந்த இடம்தான்.

மாமாவை நீங்கள் எல்லோரும் கல்யாணத்தில், காதுகுத்தில், சாவில் கேட்டிருப்பீர்கள். ஆனால் அவர் முழுசாக அவராக இருந்தது மாரியம்மன் பண்டிகை முடிந்து நடக்கும் மாட்டுவண்டிப் பந்தயத்தில்தான். தண்ணீர் வற்றிய ஏரியில், கோடியில் நட்டு வைத்த தார் டிரம்மைச் சுற்றிக்கொண்டு வண்டிகள் திரும்பி வர வேண்டும். ஒரு ஜோடி வண்டிகள் ஓடி முடித்து அடுத்த ஜோடியைப் பூட்டுவதற்குள் கூட்டம் கலைய ஆரம்பிக்கும். அந்த இடைவெளியில் மாமா ரோமாபுரிக்குப் போய்விடுவார்.

ரோமாபுரியில் பழைய தேர்ப்பந்தய மைதானம் ஒன்று இருந்தது. அவர் அதைப் பற்றி எங்கே தெரிந்துகொண்டார் என்று கேட்டால் செல்போனைக் காட்டுவார். மாடு பார்க்கப் போனவனுக்குப் பந்தய வீடியோ வந்தது, அதிலிருந்து குதிரை வந்தது, குதிரைக்குப் பின்னால் தேர் வந்தது என்பார். என் சரித்திரப் புத்தகத்தை ஒருமுறை வாங்கிப் புரட்டிவிட்டு, "ஊரே ஒக்காந்து பாத்த எடம். இதுல அத ஒரு ஓரமாவாச்சும் போடக் கூடாதா?" என்று திருப்பிக் கொடுத்தார்.

"அங்கயும் இப்பிடித்தாங்க. ரெண்டு குன்று, நடுவுல பள்ளம். நமக்கு ரெண்டு பக்கமும் ஏரிக்கரை. ஜனம் மேட்டுல, வண்டி பள்ளத்துல. நடுவால ஒரு நீளச் சுவரு, ரெண்டு கோடியிலயும் திரும்பறதுக்குத் தூணு. நேரா ஓட்டறவன யாரும் கணக்குல எடுக்க மாட்டான். தூணுகிட்டத் திரும்பறவந்தான் ஆளு. வண்டி கவுந்து செத்தவனும் அங்கதான் செத்தான்" என்று ஆரம்பிப்பார். ராஜா வெள்ளைத் துணியைக் கீழே போட்டால், தேர்கள் காத்து நிற்கும் பன்னிரண்டு கதவும் ஒன்றாகத் திறக்குமாம். "நம்ம பெரியவரும் துண்டத்தான் போடறாரு. அவரு குனிஞ்சு எடுக்கறதுக்குள்ள வண்டி டிரம்மத் தாண்டிடும்" என்பார். பந்தயத்தைத் தொடங்கி வைக்கும் அந்த ஊர்ப் பெரியவரே சிரித்துவிடுவார்.

கூட்டமும் சும்மா இருக்காது. ஒரு வருஷம் கரைமேலிருந்து ஒருவர், "அண்ணே, ரோமாபுரியில டீக்கடை இருந்துச்சுங்களா?" என்று கத்தினார்.

"கடை இருந்துச்சு, டீ இல்ல. மைதானத்த ஒட்டி வரிசையாக் கடைங்க. அதுல ஒரு கடையில புடிச்ச தீயிலதான் பாதி ஊரு எரிஞ்சுது. நீ பீடிய அணைச்சிட்டு ஒக்காரு" என்றார் மாமா.

அதே மைதானத்தில் பந்தயம் நின்று போன பிறகு காய்கறித் தோட்டம் போட்டார்கள் என்று அவர் சொன்னபோது கூட்டம் இன்னும் கிட்டே வந்தது. நம் ஊரில் தோட்டம் என்றால் யாருக்குத்தான் காது நீளாது?

"தக்காளியா, மாமா?" என்று ஒரு பையன் கேட்டான்.

"தக்காளி அந்தச் சீமைக்கே அப்ப வரலடா. வந்திருந்தா அவனும் பாலக்கோட்டு மார்க்கெட்டுல வெல கேட்டு அழுதிருப்பான்."

சிரிப்பு அடங்கிய பிறகு, அன்று அவர் இன்னொன்றும் சொன்னார். "எத்தனையோ தலைமுறை ஓட்டுன எடம். ஒருநாளு கடைசிப் பந்தயம் நடந்துச்சு. அது கடைசின்னு ஓட்டுனவனுக்கும் தெரியாது, பாத்தவனுக்கும் தெரியாது. எல்லாரும் அடுத்த பந்தயத்துல பாத்துக்கலாம்னு வூட்டுக்குப் போயிட்டாங்க." அப்போது அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இப்போது எழுதும்போது கை நிற்கிறது. அப்பா புரண்டு படுத்ததால் இல்லை.

அவர் தப்பும் சொல்வார். ஒருமுறை, அந்த மைதானத்தில் தேர்ப்பந்தய அணிகளான நீலக் கட்சியும் பச்சைக் கட்சியும் சேர்ந்து கலவரம் செய்து, ராஜாவின் படை உள்ளே புகுந்து ஆயிரக்கணக்கானவர்களை வெட்டிப் போட்டது என்று சொன்னார். பண்டிகைக்கு வந்திருந்த கல்லூரி ஆசிரியர் ஒருவர், அது ரோமாபுரி இல்லை, கிழக்கே ரோமாபுரிக்காரர்கள் கட்டிய இன்னொரு தலைநகரத்தின் மைதானம் என்று மேடைக்குப் பின்னால் போய்ச் சொன்னார். யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். ஆனால் மறு வருஷம் முதல் ஜோடி பூட்டும் முன்பே மாமா மைக்கைத் தட்டினார். "போன பண்டிகையில நான் ஒண்ணு மாத்திச் சொல்லிட்டேனுங்க. செத்தது நெசம். ஊருதான் வேற." இதை யார் கேட்டார்கள் என்று அத்தைகூடக் கேலி செய்தார். "மைக்குல சொன்னதுக்கு மைக்குலதான் திருத்தணும்" என்றார் மாமா.

நீலம், பச்சைக் கதை நம் ஊருக்கு நன்றாகவே புரியும். கோயில் தெருக்காரர்களுக்கு மஞ்சள் துண்டு, ஏரித் தெருக்காரர்களான எங்களுக்குப் பச்சைத் துண்டு. பண்டிகைக்கு முன்னும் பின்னும் ஒருவருக்கொருவர் தண்ணீர்கூடக் கொடுக்காத வீடுகள் இருக்கின்றன. எதிரணிக் குதிரை கால் ஒடிந்து விழட்டும் என்று அந்தக் காலத்தில் ஈயத் தகட்டில் எழுதிப் புதைத்தார்கள் என்று மாமா சொன்னதும் கூட்டத்தில் ஒரு பக்கம் மட்டும் சிரிக்கவே இல்லை. மறுநாள் யாரோ டிரம்முக்கு அடியில் தோண்டிப் பார்த்ததாகப் பேச்சு.

அவருக்கு ஒரு வழக்கம் இருந்தது. நீங்கள் பார்த்திருப்பீர்கள், கவனித்தீர்களா என்று தெரியாது. பந்தயம் முடிந்ததும் உடனே முடிவைச் சொல்ல மாட்டார். மேடையில் எழுந்து, தோற்றவர்கள் நிற்கும் பக்கமாகத் திரும்பி நின்று, அவர்களைப் பார்த்துத்தான் சொல்வார். ஜெயித்தவர்களுக்கு அவருடைய முதுகுதான் தெரியும். ஏன் என்று அம்மா ஒருநாள் கேட்டார். "ஜெயிச்சவனுக்கு என் மைக்கு வேண்டாம், அவனுக்கே தெரியும். தோத்தவன் அத அடுத்தவன் சிரிப்புல கேக்கக் கூடாது. மொதல்ல எங்கிட்டக் கேக்கணும், மூஞ்சியப் பாத்துக் கேக்கணும்" என்றார்.

போன பண்டிகையில் கடைசியாக ஓடிய இரண்டு வண்டிகளில் ஒன்றை இழுத்தவை எங்கள் அப்பாவின் மாடுகள். அந்த வருஷம் முழுக்க அப்பா அந்த மாடுகளோடுதான் வாழ்ந்தார். எங்களுக்கு முன்னால் அவற்றுக்குத்தான் சாப்பாடு. டிரம்மில் திரும்பும்போது எங்கள் வண்டி முன்னால் இருந்தது. முடிவுக் கோட்டுக்கு வரும்போது இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றாக வந்தன. இரண்டு தெருவும் கோட்டுக்குள் புகுந்துவிட்டன. விழாக் கமிட்டியில் ஒருவர் மேடை ஓரத்தில் போய், "மாதையா, ரெண்டும் ஒண்ணுன்னு சொல்லிடு. உன் மச்சானுக்கும் நல்லது, ஊருக்கும் நல்லது" என்றார். நான் மேடைக்குக் கீழேதான் நின்றிருந்தேன்.

மாமா மைக்கை அணைத்தார். மேடையை விட்டு இறங்கினார். பச்சைத் துண்டுகளுக்கு நடுவே நடந்து வந்து அப்பா முன்னால் நின்றார். "மாப்ள, அரை நுகத்தடி பின்னால" என்றார். அவ்வளவுதான். திரும்பி மேடை ஏறி, அதையே மைக்கில் சொன்னார்.

துண்டுகள் முறுக்கப்பட்டன. யாரோ ஒரு கழியைப் பிடுங்கினார்கள். மாமா குரலை ஏற்றவே இல்லை. "கலவரம் நடந்த அந்த ஊரு மைதானத்த உங்களுக்குச் சொல்லியிருக்கேன். அங்க வந்தவங்க பாதிப் பேரு வூட்டுக்குத் திரும்பல. இங்க வந்தவங்க எல்லாரும் நடந்துதான் வூட்டுக்குப் போகணும். யாரையும் தூக்கிட்டுப் போகக் கூடாது. மொதல்ல மாட்டுக்குத் தண்ணி காட்டுங்க, தாகமா இருக்கும்" என்றார். மாடு தாகமாக இருக்கிறது என்று சொன்னால் நம் ஆட்கள் எந்தச் சண்டையிலும் கையை இறக்கிவிடுவார்கள். அது அவருக்குத் தெரிந்திருந்தது.

அன்று ராத்திரி அப்பா, "ஊரு சொல்லட்டும். அவரு வாயால வரலாமா?" என்றார்.

"அண்ணன் கண்ணுல பட்டதச் சொல்லுச்சு" என்றார் அம்மா.

"அப்ப இனிமே அந்த வூட்டு வாசல் நம்ம கண்ணுல படக் கூடாது."

அப்படித்தான் பேச்சு நின்றது. அதற்குப் பிறகு மாமா எனக்காகப் பேசி நான் கேட்டது ஒரே முறைதான். பொதுத்தேர்வுக்குப் போக மாரண்டஹள்ளி பஸ் ஸ்டாண்டில் நின்றிருந்தேன். அப்பா பக்கத்தில் இருந்தார். எதிரே ஏதோ கடைத் திறப்புக்கு மாமா குழாய் கட்டிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்தார். தலையைக் குனிந்து மைக்கைத் தட்டினார். "ஹலோ, மைக் டெஸ்ட். பரிச்சைக்குப் போற கண்ணுங்க எல்லாம் பதறாம எழுதுங்க. திரும்பற எடத்துல மட்டும் நிதானம்." பஸ் ஸ்டாண்டில் நின்ற அத்தனை பிள்ளைகளும் திரும்பிப் பார்த்தார்கள். அப்பா பஸ் வருகிறதா என்று பார்த்தார். நான் என் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அழுதுவிடுவேனோ என்று பயமாக இருந்தது.

மாமாவைப் பற்றி இப்போது இரண்டு விதமாகப் பேசுகிறார்கள். கோயில் தெருவில் அவர் நியாயவான். எங்கள் தெருவில், சொந்தத் தங்கை வீட்டையே கவிழ்த்தவர். இரண்டும் துண்டின் நிறத்தைப் பார்த்துப் பேசும் பேச்சு. என்னை யாரும் கேட்கவில்லை. கேட்காமலே சொல்கிறேன். மேடைக்குக் கீழே, கோட்டுக்கு நேராக நான் நின்றிருந்தேன். எங்கள் மாடுகள் அரை நுகத்தடி பின்னால்தான் வந்தன. மாமா பார்த்ததைத்தான் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை இது குழாயில் போகும். ஏரிக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவில் காற்றைத் தவிர ஒன்றும் இல்லை. அப்பாவுக்குக் கேட்கும். அல்லது யாராவது சிரித்துக்கொண்டே வந்து அவரிடம் சொல்வார்கள். பெயர் போடாமல் கொடுத்துவிடலாமா என்று நினைத்தேன். கிழித்துவிடலாமா என்றும் நினைத்தேன்.

மாமாவிடமிருந்து நான் வைத்துக்கொள்வது ரோமாபுரி இல்லை. அது எல்லோருக்கும் சொந்தம், செல்போனில் இருக்கிறது. மைக்கை அணைத்துவிட்டு, படி இறங்கி, கோபமாக நின்ற ஆட்களுக்கு நடுவே அவர் நடந்து வந்தாரே, அந்தக் கொஞ்ச தூரம். அது எனக்கு. நான் மேடைக்குக் கீழே நின்றதால் ஒன்று பார்த்தேன், வேறு யாரும் பார்த்திருக்க முடியாது. இறங்கும்போது அவருடைய கால் நடுங்கியது.

விடிந்தால் அப்பா மாடுகளுக்குத் தவிடு கலக்க எழுந்து வருவார். கொட்டகையில் போய், அவர் முகத்தைப் பார்த்து, இதை முதலிலிருந்து வாசிக்கப் போகிறேன். என்ன நடக்கும் என்று தெரியவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஏரியில் இதை நீங்கள் கேட்டுக்கொண்டிருக்கிறீர்கள் என்றால், அப்பா முதலில் கேட்டுவிட்டார்.