வெரிபீயில் கானின் தலைநகர்

மங்கோலியரின் தலைநகரைக் கட்டியவர்களில் நானும் ஒருவன். மெல்பேர்னுக்கு வெளியே, வெரிபீயில் இன்றைக்கு வீடுகள் வரிசையாக நிற்கிற பக்கத்தில், எழுபதுகளின் நடுவில் ஒரு கோடை முழுக்க, ஒரு சினிமாப் படத்துக்காக, அந்த நகரம் நின்றது. மண் மதில், நாலு வாசல், கோபுரம், கடைத்தெரு. எல்லாம் பிளைவுட்டும் பிளாஸ்டரும்தான். ஆனால் மரமில்லாத அந்த மஞ்சள் புல்வெளியில், காற்று ஊளையிடும்போது தூரத்தில் நின்று பார்த்தால், எனக்கே அதற்குள் போகப் பயமாக இருக்கும். அவ்வளவு நன்றாகக் கட்டினோம். தண்ணீர் ஓடிய இடமெல்லாம் என் கை.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். கொழும்புத் துறைமுகத்தில் குழாய் பொருத்தப் பழகி, கப்பலில் ஃபிட்டராகி, வெள்ளையருக்கு மட்டும் என்றிருந்த சட்டத்தை ஆஸ்திரேலியா மாற்றி எங்களையும் உள்ளே விட்ட கையோடு மெல்பேர்னில் இறங்கினேன். அப்போது இங்கே வந்த எங்கள் தமிழர் பெரும்பாலும் பட்டத்தைச் சுருட்டிப் பெட்டியில் வைத்துக்கொண்டு வந்தார்கள். நான் ஸ்பானரோடு வந்தேன். அவர்களுக்கு முதல் எனக்கு வேலை கிடைத்தது.

சனிக்கிழமைகளில் சரித்திரப் படம் எது ஓடினாலும் போய்விடுவேன். மங்கோலியர் வருகிற படங்கள் எல்லாம் எனக்கு ஒரே படமாகத்தான் தெரிந்தன. குதிரை வரும், தூசி வரும், தீ வரும். அரசன் இறைச்சியைக் கடித்துக்கொண்டு சிரிப்பான். நகரம் என்றால் அது எப்போதும் மற்றவனுடைய நகரம், இவன் வந்து கொளுத்துவதற்காகக் கட்டியது. உலகத்தில் பாதியை ஆண்டவனுக்குச் சொந்தமாக ஒரு வாசல், ஒரு தெரு, ஒரு தண்ணீர்க் குழாய் இருந்திருக்காதா? வேலை தெரிந்தவனுக்கு அப்படித்தான் எண்ணம் ஓடும். கொளுத்துகிறவனைக் காட்ட ஒரு நெருப்புக்குச்சி போதும். ஆள்கிறவனைக் காட்ட வேண்டுமென்றால் முதலில் ஆரையாவது கொண்டு சுவர் கட்டுவிக்க வேண்டும்.

இந்தப் படத்தின் இயக்குநர் அதைச் செய்தார். ஐரோப்பாவின் கிழக்கிலிருந்து வந்த கிழவர், கைத்தடியோடு நடப்பார். என் ஆங்கிலமும் அவருடைய ஆங்கிலமும் ஒரே அளவு என்பதால் எல்லாவற்றையும் தடியால் மண்ணில் கீறிக் காட்டுவார். இது கரகோரம், கானின் ஊர். இந்தத் தெருவில் முஸ்லிம் வியாபாரிகள், அந்தத் தெருவில் சீனத்துக் கைவினைக்காரர். மதிலுக்குள்ளேயே விகாரைகள், பள்ளிவாசல், ஒரு தேவாலயம். கான் ஓர் உலோகத் தகடு கொடுப்பானாம். அதைக் கழுத்தில் போட்டவனை ராச்சியத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைவரை ஒருவரும் மறிக்கக் கூடாதாம். போகிற வழியெல்லாம் அவனுக்குக் குதிரை மாற்றிக் கொடுக்க வேண்டுமாம். விசாவுக்கு அலைந்த எனக்கு, அது எப்படிப்பட்ட ஆட்சி என்று ஒருவரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. கொன்றதையும் எரித்ததையும் அவர் மறைக்கவில்லை, படத்தின் முதல் பாதி அதுதான். மற்றப் பாதியில் அந்த ஊர் வந்தது. அதற்காகத்தான் அந்த மனிதனை மதித்தேன்.

ஊரின் நடுவில் ஒரு வெள்ளி மரம். நான் கற்பனை பண்ணவில்லை, கானின் அரண்மனையில் மெய்யாகவே அப்படி ஒன்று இருந்ததாம். கொப்புகளில் சுற்றிய நாலு பாம்புகளின் வாயிலிருந்து நாலு விதக் குடிவகை கொட்டுமாம். இயக்குநர் கீறிக் காட்டியதும் மற்ற வேலைக்காரர் தலையைச் சொறிந்தார்கள். நான், "நாலு வால்வு, நிரப்பி வைக்க ஒரு தாங்கி, எனக்கு ஒரு கிழமை தாருங்கள்" என்றேன். அப்படியே செய்தேன். மேலே அலுமினியத் தகடு, உள்ளே குழாய், அடியில் நான் படுத்திருந்து வால்வைத் திறக்க ஒரு குழி. படத்தில் நாலுக்கும் ஒரே குடிவகை, பெண்குதிரைப் பால்; அதற்குப் பால்மாவைக் கரைத்தோம்.

இதற்காக நான் கார்த் தொழிற்சாலை வேலையை விட்டிருந்தேன். ஊரிலிருந்து மனைவியும் மகளும் வருவதற்குப் பயணச்சீட்டு எடுத்தாகிவிட்டது. செட் கட்டிய பட்டறையின் தலைவர், சிவந்த முகத்து ஆஸ்திரேலியர், ஒரே வார்த்தையில் சொன்னார்: மரம் படத்தில் வந்தால் சிட்னிப் பட்டறையில் நிரந்தர வேலை, வராவிட்டால் கைகுலுக்கிப் பிரிவோம்.

விருந்துக் காட்சிக்குத் தென்னாட்டு வியாபாரிகள் தேவைப்பட்டார்கள். நான் தமிழரைக் கொண்டுவந்தேன். அவர்களில் முக்கியமானவர் ஒரு கணக்காளர். ஊரில் எங்களுக்குப் பக்கத்துக் கிராமம். கூட ஒரு மலேசியத் தமிழ் மாணவன், இன்னும் மூன்று பேர். கான் வேடம், எங்கள் தெருவில் மீன் பொரித்து விற்கிற கிரேக்கனுக்கு. பட்டும் தலைப்பாகையும் கட்டி இருத்தினால் எங்கள் தமிழர் ஒவ்வொருவரும் ஒரு கப்பலுக்குச் சொந்தக்காரர் மாதிரி இருந்தார்கள்.

கமரா ஓடியது. நான் குழிக்குள் இருந்து வால்வைத் திறந்தேன். நாலு பாம்பும் பாலைக் கக்கின. கிரேக்கன் கிண்ணத்தை நிரப்பி, உறிஞ்சிக் குடித்து, கணக்காளரிடம் நீட்டினான். கணக்காளர் வாங்கினார், தலையை அண்ணாந்தார், கிண்ணத்தை ஒரு சாண் உயரத்தில் பிடித்து, உதடு படாமல் வாய்க்குள் ஊற்றினார். அடுத்தவரும் அப்படியே. ஐந்து பேரும் வானத்தைப் பார்த்துக்கொண்டு கடகடவென்று.

"கட்" என்று சத்தம் கேட்டது.

மாணவன் குழிக்குள் எட்டிப் பார்த்தான். "ஏன் அண்ணே நிறுத்திட்டாங்க? சுத்தமாத்தானே குடிச்சோம். ஒரு சொட்டுக்கூட உதட்டுல படலையே."

கானின் விருந்தில் பேதி மருந்து குடிக்கிறவர்கள் மாதிரி இருக்கிறது என்றார் இயக்குநர். வெயில் இறங்குகிறது, தாங்கியில் இன்னொரு தடவைக்குத்தான் பால் இருக்கிறது. இதுவும் பிழையாகப் போனால் மரத்தையே படத்திலிருந்து வெட்டிவிட்டுக் குதிரைகளோடு காட்சியை முடிப்பேன் என்றார். பட்டறைத் தலைவர் என்னைப் பார்த்தார். நான் குழியை விட்டு ஏறினேன்.

"அண்ணை, வாய் வைச்சுக் குடியுங்கோ" என்றேன் கணக்காளரிடம். ஊரிலென்றால் நான் அவரைக் கையைக் கட்டிக்கொண்டு நயினார் என்று கூப்பிட்டிருக்க வேண்டும்.

"ஐசே, அந்தக் கிரேக்கன்ர தாடி முழுக்க அதுக்குள்ள கிடக்கு."

"அது ஒட்டுத்தாடி அண்ணை. கழுவிப்போட்டுத்தான் ஒட்டினவங்கள்."

"எச்சில் எச்சில்தானே. ஆளுக்கொரு கிண்ணம் தரச் சொல்லும்."

இயக்குநரிடம் கேட்டேன். மாட்டேன் என்றார். ஒரே கிண்ணம்தான் காட்சி. எந்தச் சாமியைக் கும்பிட்டாலும் கானின் கிண்ணத்தில் குடித்தவன் கானின் ஆள். அது இல்லாவிட்டால் இது வெறும் சந்தை என்றார்.

"ஆபீஸ்ல டீ கப்ப யாரு எப்படிக் கழுவுறாங்கன்னு பாத்திருக்கீங்களா?" என்றான் மாணவன். "பாத்திருந்தா இதெல்லாம் ஒண்ணுமே இல்ல."

மற்றவர்கள் சிரித்தார்கள். கணக்காளருக்குக் கோபம் வந்தது, ஆனால் அது என் பக்கம் திரும்பியது. "உமக்கென்ன, குழிக்குள்ள படுத்துக்கொண்டு எங்களுக்குப் புத்தி சொல்லுறீர். நீர் குடிப்பீரோ?"

"குடிப்பன்."

"அப்ப வந்து பக்கத்தில இரும் பாப்பம்."

சொன்ன பிறகுதான் தான் என்ன சொன்னோம் என்பது அவருக்குப் பட்டது. முகம் மாறிவிட்டது. அவருடைய கிராமத்துத் தேத்தண்ணிக் கடையில் எங்கள் ஆட்களுக்குச் சிரட்டையில்தான் ஊற்றிக் கொடுப்பார்கள். அவருடைய வீட்டு வளவில் என் தகப்பன் கையேந்தித் தண்ணீர் குடித்திருக்கிறார். மெல்பேர்னில் அதைப் பற்றி நாங்கள் இருவரும் ஒரு சொல் பேசியதில்லை. என் வீட்டுக்கு வருவார், கதிரையில் இருப்பார், நன்றாகக் கதைப்பார். தேத்தண்ணி கொடுத்தால் மட்டும், "இப்பதான் குடிச்சிட்டு வந்தனான்" என்பார்.

இயக்குநருக்கு இதெல்லாம் தெரியாது. நானும் வரிசையில் இருக்கட்டுமாம் என்றதும் அவருக்குப் பிடித்துவிட்டது. பட்டறைத் தலைவரைக் குழிக்குள் இறக்கி, எந்த வால்வை எப்போது திறப்பது என்று காட்டினேன். எனக்கு நீலப் பட்டு உடுத்தி, கானுக்கும் கணக்காளருக்கும் நடுவில் இருத்தினார்கள். பெருமைக்குச் சொல்லவில்லை, அந்த உடுப்பு எனக்குத்தான் பொருந்தியது.

கமரா ஓடியது. பாம்புகள் கொட்டின. கிரேக்கன் குடித்துத் தந்தான். நான் கிண்ண விளிம்பில் வாயை நன்றாகப் பதித்துக் குடித்தேன், அரசனுடைய ஆள் மாதிரி. பிறகு இரண்டு கையாலும் கணக்காளரிடம் நீட்டினேன்.

வாங்கிக்கொண்டார். குடிக்கவில்லை. கிண்ணத்துக்குள்ளே பார்த்தார். பின்னால் தாங்கி வற்றுகிற சத்தம் எனக்குக் கேட்டது, அது எனக்கு மட்டும்தான் விளங்கும். மனைவி கப்பலா விமானமா என்று கேட்டு எழுதியதும், விமானம்தான் என்று நான் பெருமையடித்ததும் ஞாபகம் வந்தது. கணக்காளரைப் பார்க்கவில்லை, நேரே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் அண்ணாந்தால் எல்லாம் முடிந்தது.

அவர் தலை குனிந்து வாய் வைத்தார். கிண்ணத்தைத் திருப்பி, நான் குடிக்காத பக்கமாகப் பார்த்து வாய் வைத்தாரா என்று கேட்பீர்கள். திருப்பவில்லை. மிச்சம் வைக்காமல் இரண்டு மிடறு குடித்துவிட்டுத்தான், மீண்டும் நிரப்பி மாணவனிடம் கொடுத்தார். அவன் குடித்த குடியில் கிரேக்கனே திரும்பிப் பார்த்தான்.

"கட்" என்று இயக்குநர் சொன்னபோது பாம்புகளின் வாயில் காற்றுத்தான் வந்தது. கணக்காளர் பட்டுச் சட்டையின் கையால் வாயைத் துடைத்தார்.

"கொஞ்சம் சீனி போட்டிருக்கலாம்" என்றார் என்னிடம்.

"கான் சீனி போடுறேல்லை அண்ணை."

பட்டறைத் தலைவர் குழியிலிருந்து பால் சொட்டச் சொட்ட ஏறி வந்து, சிட்னிக்கு எப்போது வருகிறாய் என்று கேட்டார்.

படத்தைச் சிட்னியில் மனைவியோடு பார்த்தேன். பத்திரிகைக்காரர் பெரிதாக மதிக்கவில்லை. குதிரை குறைவு, கதை மெல்லப் போகிறது என்றார்கள். அவர்கள் சுவர் கட்டிப் பார்க்காதவர்கள். மங்கோலியருக்கும் ஒரு ஊர் இருந்தது, அதில் பல தேசத்தார் ஒரே வரிசையில் இருந்து குடித்தார்கள் என்று அதுவரை எனக்கு ஒரு படமும் காட்டியதில்லை. வெள்ளி மரம் முழுசாக வந்தது. கணக்காளர் கிண்ணத்துக்குள் பார்த்துக்கொண்டு இருந்ததையும் இயக்குநர் வெட்டவில்லை. பேரரசன் முன்னால் வியாபாரிக்கு வந்த பயம் என்று தியேட்டரில் சனம் மூச்சுக் காட்டாமல் பார்த்தது. படத்திலேயே சிறந்த நடிப்பு அதுதான் என்று எங்கேயும் சொல்லுவேன். அவரிடமே சொன்னேன், அவர் சிட்னிக்கு, என் வீட்டுக்கு வந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தபோது.