அக்காவுக்காக வேண்டிக்கொள்ளுங்கள்

அக்கா கண்மூடி ஓராண்டு நிறைகிற இன்று, மலையேறி வந்து இந்தச் சிறு நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். அட்டையில் அக்காவின் படத்துக்குப் பின்னால் ஓர் ஒளிவட்டம் போட்டு அச்சகத்தார் அன்போடு அனுப்பியிருந்தார்கள். எடுத்துவிடச் சொன்னோம். ஏன் எடுக்கச் சொன்னோம் என்பதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

அக்கா பிறந்தது இந்த மலையின் கொட்டச்சேட்டில், காப்பி எஸ்டேட் லைன் வீடொன்றில். அப்பா பிழைப்புக்காக அடிவாரத்துக் குப்பனூரிலிருந்து மேலே வந்தவர். அம்மா காப்பிப் பழம் பறித்தவர். மூத்தவர் அக்கா, கடைசி நான். மிஷன் பள்ளியில் கன்னியர்களிடம் கொஞ்ச காலம் படித்தார். பிறகு பறிப்புக்கூடை இடுப்புக்கு வந்தது, அதன் பிறகு மஞ்சக்குட்டையில் மச்சானுக்கு வாழ்க்கைப்பட்டார். பிள்ளை இல்லை.

மச்சான் மரமேறி. காப்பிக்கு நிழல் தரும் சில்வர் ஓக் மரங்களில் கிளை கழிப்பார். அவற்றில் படர்ந்த கொடிகளில் மிளகு பறிப்பார். ஒரு மிளகுப் பருவத்தில், பனி ஊறிய மூங்கில் ஏணி வழுக்கியது. முதுகெலும்பு போயிற்று. இடுப்புக்குக் கீழே உயிரில்லாமல் அவர் கட்டிலில் கிடந்தார். கிடந்தார், காப்பி பூத்து, பழுத்து, மறுபடி பூத்து, ஆண்டுகள் போயின. துடைப்பது, புரட்டுவது, படுக்கைப் புண்ணில் மருந்து வைப்பது, கஞ்சி ஊட்டுவது, எல்லாம் அக்கா.

தொடக்கத்தில் அவருக்குக் கைத்துணை இருந்தது. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் நாலைந்து பேர் வருவார்கள். ஒருவர் மச்சானைப் பிடிக்க, ஒருவர் விரிப்பை மாற்ற, யாராவது குழம்பு கொண்டுவர, அந்த ஒரு நாள் அக்கா உட்கார்ந்து சாப்பிடுவார்.

அதை ஒரு நல்ல வார்த்தை கெடுத்தது. ஊர்த் திருவிழாவுக்கு வெளியூரிலிருந்து வந்த சாமியார் பிரசங்கத்தில், புனிதர்களைத் தேடி எங்கும் போக வேண்டாம், இந்தக் கோயிலிலேயே ஒருவர் உட்கார்ந்திருக்கிறார் என்று அக்காவைக் காட்டினார். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். சிலர் அழுதார்கள். தேர் சுற்றி முடிந்ததும் அக்காவின் கையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டவர்களும் உண்டு.

வீட்டுக்கு வந்து அடுப்பைப் பற்ற வைத்துக்கொண்டே அக்கா சொன்னார்: “முடிஞ்சுது கண்ணு. இனி ஒருத்தரும் வரமாட்டாங்க பாரு.”

“ஏனக்கா அப்படிச் சொல்றீங்க? சாமியார் பெருமையாத்தானே சொன்னாரு.”

“அர்ச்சியசிஷ்டவங்க ஊட்டுக்கு எவன் குழம்பு கொண்டாருவான்? மெழுகுவத்திதான் கொண்டாருவான்.”

புனிதர் என்ற புதுச்சொல் அக்காவின் வாயில் கடைசிவரை வரவில்லை. அம்மா செபத்தில் சொன்ன அந்தப் பழைய நீளச் சொல்தான். அதைச் சொல்லும்போது அவர் உதடு கொஞ்சம் கோணும்.

அக்கா சொன்னபடியே நடந்தது. யாரும் கெட்டவர்கள் இல்லை. அவங்க தாங்குவாங்க, கடவுள் அவங்களுக்கு அந்தச் சக்தி கொடுத்திருக்காரு என்றார்கள். அதைச் சொன்ன வாயோடு அவரவர் வீட்டுக்குப் போனார்கள். கோயிலில் முன் வரிசையில் இடம் விட்டார்கள். கட்டிலின் மறுபக்கத்தைப் பிடிக்கத்தான் ஆளில்லை.

வந்தவர் ஒருவர். பக்கத்துத் தோட்டத்துச் சின்னப்பொண்ணு அம்மாள். ராகியும் ஆரஞ்சும் வெள்ளாமை செய்கிற மலைக்குடி. நம் கோயிலுக்கு வருகிறவர் அல்ல, அந்தப் பிரசங்கத்தையும் கேட்காதவர். மண் ஒட்டிய கையைக் கழுவிக்கொண்டு வருவார், மச்சானின் தோளுக்கடியில் கையைக் கொடுப்பார்.

“ஏனுங்க மச்சான், எலும்பும் தோலுமாத்தான் இருக்கறீங்க. இந்தக் கனத்த எங்கீங்க ஒளிச்சு வெச்சிருக்கறீங்க?”

மச்சான் சிரிப்பார். அக்கா எரிந்து விழுவார்: “சிரிக்க மட்டும் தெம்பு இருக்குது. எம்பறதுக்கு இல்ல.”

“ஏனுங்கக்கா, மனுசனப் புரட்டறதா, வையறதா? ஏதாச்சும் ஒண்ணச் செய்யுங்க.”

மச்சான் போய்ச் சேர்ந்த பிறகு அக்கா நெடுநாள் இருக்கவில்லை. வயிற்றில் புற்று. சேலத்தில் பார்த்துவிட்டு, வீட்டுக்குக் கூட்டிப் போங்கள் என்றார்கள். கொண்டை ஊசி வளைவுகளில் ஜீப் திரும்பும்போதெல்லாம் அக்கா என் தோளில் சாய்ந்து பல்லைக் கடித்துக்கொண்டார். கடைசி நாட்களில் ஒரு காலை என்னை உட்காரச் சொன்னார். சொன்னதை அவர் கேட்டுக்கொண்டபடியே இங்கே எழுதுகிறேன்.

“நான் செத்தா மலரு போடுவீங்க. அதுல இதையும் எழுதிப்போடு சாமி. ஒருக்கா கஞ்சியக் கொண்டுபோயி அவருக்கு எட்டாத தூரத்துல வெச்சுப்போட்டு அங்கயே நின்னேன். கையை நீட்டி நீட்டிப் பார்த்தாரு. நான் குடுக்கல. கஞ்சி ஆறிப்போச்சு. செத்துத் தொலையட்டும்னு நெனச்சேன். ஒரு நாளில்ல. நொம்ப நாளு நெனச்சேன்.”

“அதான் சாமியாருகிட்டப் பாவசங்கீர்த்தனம் பண்ணீட்டீங்களே அக்கா.”

“மன்னிப்புக் கெடச்சுது. செத்தப்புறம் உத்தரிக்கற எடத்துல கெடந்து பட்டுத் தீக்கோணுமில்ல? அங்க எனக்கா நான் வேண்டிக்க முடியாது, நீங்கதான் வேண்டோணும். அர்ச்சியசிஷ்டவன்னு சொல்லிப்போட்டா ஒருத்தரும் வேண்டமாட்டீங்க. இங்க தனியா உட்ட மாதிரியே அங்கயும் உட்டுருவீங்க.” கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு, “சகல அர்ச்சியசிஷ்டர் திருநாள் அவங்களுது. மறுநாள் கல்லறைத் திருநாள், செத்த மத்தவங்களுக்கா வேண்டற நாளு, நம்முளுது. என்னை மறுநாள்ல போடு,” என்றார்.

அடக்கத்தன்று மூடுபனி. குழியின் அந்தப் பக்கம் நின்றவர்களின் முகம் தெரியவில்லை. உபதேசியார் அக்காவின் பெயரைச் சொல்லி, இவருக்கு இளைப்பாற்றி தாரும் என்று தொடங்கினார். அந்தப் பெயர் காதில் விழுந்ததும் பனிக்குள்ளிருந்து ஒரு பெண்குரல், பழக்கமா பக்தியா தெரியவில்லை, “எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்” என்றது. புனிதர் பிரார்த்தனையில் ஒவ்வொரு புனிதர் பெயருக்கும் சொல்லும் பதில். ஒரு குரல் பத்தானது, பத்து எல்லாமானது. உபதேசியாரும் திருத்தவில்லை. அக்கா பயந்தது, மண் விழும் முன்பே நடந்துவிட்டது.

இந்த ஓராண்டில் கல்லறைக்குப் போகும்போதெல்லாம் மெழுகு உருகிக் கிடக்கிறது. குழந்தை கேட்டு மஞ்சள் நூல், பரீட்சை கேட்டுப் பேனா. வேண்டுதலுக்கு உப்பும் மிளகும் போடுவது நம் கோயில்களின் வழக்கம். அதையும் கல்லறையில் கொட்டியிருக்கிறார்கள். மிளகு. மச்சானைக் கீழே தள்ளிய மிளகு. நான் குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினேன்.

கஞ்சிச் சேதியை அச்சில் போடக் கூடாது என்று வீட்டில் பெரிய சண்டையே நடந்தது. “செத்தவங்க மானத்த நீயே வாங்கறியா?” என்று பெரியண்ணன் கேட்டார். நியாயமான கேள்விதான். ஆனால் இந்தச் சேதி இல்லாமல் மலர் வந்தால், நீங்கள் அக்காவிடம் கேட்பீர்களே தவிர, அக்காவுக்காகக் கேட்க மாட்டீர்கள். பீடத்தில் நிற்கிற சுரூபத்துக்குப் பசியில்லை, முதுகுவலி இல்லை. அதற்குப் பூ போதும். அக்கா பசித்தவர். கோபித்தவர். ஆறிய கஞ்சியை மறுபடி சுட வைத்து ஊட்டியவரும் அவர்தான். அதைத் தன் வாயால் சொல்லவில்லை, மச்சான் என்னிடம் சொன்னார். இப்படிப்பட்டவர்கள்தான் புனிதர்கள் என்று திருச்சபை ஒருநாள் சொல்லலாம். அதுவரை நாம் முந்திக்கொள்ள வேண்டாம். தூக்க வேண்டியவரை வணங்கிவிட்டு நகர்வதை நாம் ஒருமுறை செய்தாயிற்று.

அக்காவின் கடைசி நாட்களில் மருந்து கொண்டுவந்தவர்கள், மழையில் பந்தல் போட்டவர்கள், குழி வெட்டியவர்கள், கோயில் மணியடித்தவர், அடிவாரத்திலிருந்து பஸ் பிடித்து வந்தவர்கள், எல்லோருக்கும் குடும்பத்தின் சார்பில் நன்றி. சின்னப்பொண்ணு அம்மாளுக்கு நன்றி என்ற சொல் போதாது.

போன வாரம் அவரைக் கல்லறைக்கு அழைத்துப் போனேன். “உங்க கோயில்ல என்னன்னு சொல்லோணுமுங்க?” என்று கேட்டார். இவருக்கு இளைப்பாற்றி வேண்டுமென்று கேட்க வேண்டும் என்றேன். அப்படியென்றால் என்ன என்றார். ஓய்வு என்றேன்.

“அவ்வளவுதானுங்களா?” என்று குந்தி உட்கார்ந்து, ஈரமண்ணில் உள்ளங்கையை வைத்தார்.

“சாமி, இவங்க நொம்பக் கோவக்காரங்க. அதையெல்லாம் பாக்காதீங்க. கொஞ்சம் தூங்க உடுங்க.”

கல்லறைக்கு வருகிறவர்கள் இதையே சொல்லுங்கள்.

குடும்பத்தாருக்காக,
தம்பி