சோளத்தோலில் வெந்த காராமணி

காலை ஐந்து நாற்பது. கடலூர் முதுநகர் துறைமுகத்தில் முதலில் கண்ணில் பட்டது தார்ப்பாயில் பரப்பியிருந்த சென்னாக்குனிக் குவியல். பொடி இறாலைக் காயவைத்தது. அதன் முன் குந்தியிருந்தார் ஆறடி உயர நைஜீரியர் ஒருவர். ஒரு பிடி அள்ளி முகர்ந்து, "சார், எங்க ஊர் வாசனை!" என்று கத்தினார்.

ஃபெமி சிதம்பரத்தில் வேளாண்மை முதுகலை படித்துக்கொண்டிருந்தார். தமிழை டீக்கடையில் கற்றவர். அன்றைய சமையலைப் பார்க்க என்னைச் சென்னையிலிருந்து அழைத்திருந்தார். 2009 அக்டோபர் அது.

நைஜீரியாவில் காராமணியை அரைத்து இலையில் மடித்து ஆவியில் வேகவைப்பார்கள்; அதன் பெயர் மொயின்மொயின். மெக்சிகோவில் மக்காச்சோள மாவைச் சோளத்தோலில் மடித்து வேகவைப்பது தமால். இரண்டையும் ஒன்றாக்குவது ஃபெமியின் திட்டம். பரதம் கற்க ஜூலையில் மெக்சிகோவிலிருந்து வந்த லூசியாவுக்காக. கோதுமை துளி உள்ளே போனாலும் அவளுடைய குடல் புண்ணாகும். பரோட்டா, ரவை, பிஸ்கட் எதையும் தொடாமல் சோறு, சாம்பார், ரசத்தோடு வாழ்ந்தும் வயிற்றுவலி நிற்கவில்லை. தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்றார் டாக்டர். நடனத்தைப் பாதியில் விட்டு அடுத்த வாரம் ஊர் திரும்ப டிக்கெட் எடுத்துவிட்டாள். போவதற்குள் ஒரு வேளையாவது அவள் வலியில்லாமல் சாப்பிட வேண்டும் என்பது ஃபெமியின் பிடிவாதம்.

பேருந்து நிறுத்தத்தில் ஒருவர் தள்ளுவண்டியில் சோளம் உரித்துக்கொண்டிருந்தார். ஃபெமி கதிரை விட்டுத் தோலைக் கேட்டார்.

"மாடு வச்சிருக்கியா தம்பி?"

"இல்லண்ணே. நாங்களே சாப்புடத்தான்."

அவர் காசு வாங்கவில்லை. பை நிறையத் திணித்துக் கொடுத்தார்.

ஆறரை மணி சிதம்பரம் பேருந்தில் சென்னாக்குனி மூட்டை என் காலடியில் இருந்தது. கண்டக்டர் மூக்கைச் சுளித்தார். "இன்னா சார் இது, செம்மங்குப்பம் கெமிக்கல் கம்பெனியே இன்னும் வரல, அதுக்குள்ள நாறுது?" பின்சீட்டில் சிரிப்பு. ஆலப்பாக்கம் தாண்டியபோது மேகம் இறங்கியிருந்தது.

எட்டு மணிக்குச் சிதம்பரத்தில் செல்வி அக்காவின் வீடு. கீழே அவர் குடும்பம், மாடியில் லூசியா. மூன்று வேளையும் அக்கா வீட்டுச் சாப்பாடுதான். லூசியாவுக்குக் கண் குழிந்திருந்தது. ஆனால் சமையலறையில் பறந்தாள். மக்காச்சோளத்தை முந்தின நாளே சுண்ணாம்பு போட்டு வேகவைத்து ஊறப்போட்டிருந்தாள்.

"வெத்தலைக்குத் தடவுற சுண்ணாம்புங்க சார்!" என்றார் அக்கா. "சோளத்துல போட்டாளே, வாய் வெந்துடும்னு நெனச்சேன். கழுவிட்டுக் குடுத்தா, சும்மா மல்லிப்பூ மாதிரி இருக்கு."

எங்கள் ஊரில் இப்போது இலையுதிர் காலம், பரங்கிக்காயும் புதுச் சோளமும் வரும் மாதம் என்றாள் லூசியா. சுட்ட காய்ந்த மிளகாயும் தக்காளியும் அரைபட்டன. கிரைண்டரில் காராமணி சுழன்றது. ஃபெமி சென்னாக்குனியை வறுத்துப் பொடித்தார். வீடே மணத்தது. சோளமாவைத் தோலில் தட்டி, நடுவில் காராமணி விழுதும் பரங்கித் துண்டும் வைத்து மடிக்க வேண்டியதுதான் பாக்கி.

லூசியா விழுதை முகர்ந்து நிமிர்ந்தாள். "இது என்ன வாசனை?"

"துளி பெருங்காயம் போட்டேன்" என்றார் அக்கா. "காராமணியாச்சே, வாயு புடிச்சிக்கும். சுண்டலுக்கே போடாம இருக்க மாட்டோம்."

அதில் என்ன இருக்கும் என்று அவள் கேட்டதை ஃபெமி தமிழில் சொன்னார்.

"பிசின்தான். அப்புடியே போட்டா காரம் தாங்காது. மாவு சேர்த்துப் பெசைவாங்க. எங்க மாமா கடலூர்ல பெருங்காயம் பாக்கெட் போடுற எடத்துலதான இருந்தாரு."

"அரிசி மாவாக்கா?"

"இல்ல தம்பி, மைதா."

ஃபெமி கரண்டியைக் கீழே வைத்தார். அவர் மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை. மைதா என்றால் கோதுமை என்பது லூசியாவுக்குத் தெரியும். அவள் மெதுவாகக் கேட்டாள்: "சாம்பார்?"

"பெருங்காயம் இல்லாம சாம்பாரா?" என்ற அக்கா, "ரசம்?" என்று அவள் கேட்பதற்குள் தலையில் கை வைத்துக்கொண்டார். "அய்யய்யோ, மூணு மாசமா நானே ஊத்தியிருக்கேனே!"

லூசியா சிரித்தாள். அழுகையும் கூடவே வந்தது. அக்காவைக் கட்டிக்கொண்டு, "தண்ணி இல்லக்கா, தண்ணி இல்ல!" என்று குதித்தாள். ஃபெமி, "டாக்டருக்கும் ரெண்டு கரண்டி ஊத்துங்கக்கா" என்றார்.

விழுது பக்கத்து வீட்டுக்குப் போனது, வடை தட்ட. அக்கா கிரைண்டர் கல்லைப் புளி போட்டு மூன்று தரம் தேய்த்தார். மீதிக் காராமணியை வெந்நீரில் ஊறப்போட்டு மறுபடி அரைத்தோம். பன்னிரண்டரைக்கு இட்லிப் பானையைத் திறந்தபோது, மஞ்சள் தோலுக்குள் சோளம் வெளுப்பாகவும் காராமணி சிவப்பாகவும் வெந்திருந்தன. மிளகாயும் இறாலும் முதலில் ஏறின. பரங்கியின் இனிப்பு பின்னால் வந்தது. லூசியா நான்கு சாப்பிட்டாள். நான் மூன்று.

"கொழுக்கட்டைக்கு ஒண்ணுவுட்ட தங்கச்சி" என்று தீர்ப்புச் சொன்னார் அக்கா.

சென்னைக்குப் பேருந்து ஏறியபோது மழை பிடித்திருந்தது. வீட்டில் எங்கள் பெருங்காய டப்பாவை எடுத்துப் பார்த்தேன். அதிலும் மைதா.

அடுத்த வாரம் ஃபெமி போன் செய்தார். லூசியாவின் விமானம் கிளம்பிய நேரத்தில், செல்வி அக்கா வீட்டில் அவள் பெருங்காயம் போடாத ரசத்தை இரண்டாம் முறை வாங்கிக் குடித்துக்கொண்டிருந்தாளாம்.